போகப் போகக் கனக்கும் கார்ட்டூன்கள்: கேள்வி பதில்

கேள்வி: அட்வென்ச்சர் டைம் முதல் சீசனில் பாதி பார்த்தேன். வெறும் கூத்து. ஆழமான தொடர் என்கிறார்களே, எங்கே அது?

பதில்: கூத்துதான், மறுக்கவில்லை. 2010இல் தொடங்கியபோது பெரும்பாலும் தனித்தனிக் கதைகள். வில்லன் ஐஸ் கிங் இளவரசிகளைக் கடத்துவார், நாயகர்களான சிறுவன் ஃபின்னும் நாய் ஜேக்கும் போய் மீட்பார்கள். மூன்றாவது சீசனில்தான் அவர் முன்பு சைமன் என்ற சாதாரண மனிதர், மாயக் கிரீடத்தால் புத்தி பேதலித்தவர் என்று தெரியவரும். பேரழிவுக்குப் பின் தனியாக நின்ற சிறுமி மார்சலினைப் பார்த்துக்கொண்டவரும் அவரே. நான்காவது சீசனில் அவர் அன்று எழுதி வைத்த வரிகளை அவள் பாடுவாள். எதுவும் நினைவில்லாத அவர் ஜாலியாகக் கூடவே பாடுவார். மறதி நோய் வந்த பெரியவர் வீட்டில் இருந்தால் அந்த எபிசோடை லேசில் தாண்ட முடியாது. அப்புறம் முதல் சீசனைத் திரும்பப் பாருங்கள், அந்தக் கடத்தலுக்கு முன்போலச் சிரிப்பு வராது.

கேள்வி: அப்போ சோகம் கூடினால் முதிர்ச்சியா?

பதில்: இல்லவே இல்லை. ‘அவதார்: தி லாஸ்ட் ஏர்பெண்டர்’ கார்ட்டூன் தொடரின் மூன்றாவது எபிசோடிலேயே நாயகன் ஆங் தன் குருவின் எலும்புக்கூட்டைப் பார்த்துவிடுகிறான். பின்னால் மாறுவது, தொடர் எழுப்பும் கேள்விகள். கடைசி சீசனில் ஆங்கின் தோழி கட்டாரா தன் அம்மாவைக் கொன்றவனைத் தேடிப் பிடிக்கிறாள். கொல்லவில்லை, மன்னிக்கவும் இல்லை. சிறுவர் தொடரில் இதை அப்படியே விட்டது பெரிய துணிச்சல்.

கேள்வி: முதலிலேயே ஏன் இப்படி எடுப்பதில்லை?

பதில்: டிவி சானல்கள் பழைய எபிசோடுகளை முன்னே பின்னே மாற்றிப் போடும். நடுவில் வந்து உட்காரும் பிள்ளைக்கும் புரிய வேண்டும். அதனால் எபிசோடு முடியும்போது எல்லாம் பழையபடி ஆகிவிடும். தொடர் காலூன்றிய பிறகுதான் நேற்றைய அடி இன்றும் வலிக்கும்.

கேள்வி: மகளுக்கு ஏழு வயது. ஸ்டார் வார்ஸ் கார்ட்டூனான க்ளோன் வார்ஸ் காட்டலாமா?

பதில்: தொடக்கத்தை நீங்களும் கூட உட்கார்ந்து காட்டலாம். நான்காவது சீசனில் அம்பாரா என்ற கோளில் நடக்கும் போர்க் கதை இப்போது வேண்டாம். தளபதியின் சூழ்ச்சியால், ஒரே மனிதனின் நகல்களான க்ளோன் வீரர்கள் எதிரி என்று நினைத்துத் தங்கள் ஆட்களையே சுடுவார்கள். ஹெல்மெட்டைக் கழற்றினால் உள்ளே இருப்பது தங்கள் முகமே.

கேள்வி: நேராகப் பிந்தைய சீசன்களுக்குப் போய்விடலாமா?

பதில்: வேண்டாம். க்ளோன் வார்ஸில் ஜெடை வீரர்களிடம் பயிலும் 14 வயது வாய்த்துடுக்குக்காரி அசோகாவைப் பார்த்திருந்தால்தான், ஐந்தாவது சீசன் முடிவில் அவள் ஜெடை அமைப்பே வேண்டாம் என்று போவது உறைக்கும். அவசரமென்றால் கோமாளிப் பாத்திரமான ஜார் ஜார் பிங்க்ஸ் வரும் எபிசோடுகளைத் தாண்டுங்கள், ஒன்றும் குறையாது.