மாமாவின் பெட்டியை யாரைக் கேட்டு எடுத்துப் போட்டீர்கள்?

கேள்வி: நாங்கள் கேரளத்தில், பாலக்காட்டுப் பக்கம் கொழிஞ்சாம்பாறைக்காரர்கள். பையன் ஏழாம் வகுப்பு, மலையாள மீடியம். அவன் தமிழ் வாசிக்கப் பழகியதே காமிக்ஸால்தான். இப்போது டெலிகிராம் குரூப்களில் இறக்கிப் படிக்கிறான். போன வாரம் எதையோ தட்டப்போய் அவன் அப்பா போனில் ஒரு ஏபிகே இறங்கி, வீட்டில் ஒரே சண்டை. திருட்டுக் காப்பி வேண்டாம். மாதாமாதம் வாங்கவும் கட்டாது. முறையாக, இலவசமாக எங்கே கிடைக்கும்? மாமா (என் வீட்டுக்காரரின் அப்பா, வயது 66) சேர்த்து வைத்த பழைய காமிக்ஸ் ஒரு டிரங்குப் பெட்டி நிறைய இருந்தது. ஓணத்துக்கு வெள்ளையடித்தபோது ஆக்ரிக்காரருக்கு (பழைய சாமான் வாங்குபவர்) போட்டுவிட்டோம். மாமா ஒன்றும் சொல்லவில்லை. நல்ல தளங்கள் இருந்தால் சொல்லுங்கள்.

பதில்: போன் விஷயத்தை முதலில் முடித்துவிடுவோம். காமிக்ஸ் ஃபைல் என்றால் பெயர் பிடிஎஃப் என்று முடியும், இல்லாவிட்டால் சிபிஇசட், சிபிஆர். ஏபிகே என்பது ஆப். குரூப்பில் ஏபிகேயாக வருவதைத் திறக்கவே கூடாது. நீக்கிவிட்டு வங்கியில் சொல்லி வையுங்கள். காசு போயிருந்தால் தாமதிக்காமல் சைபர் மோசடிப் புகார் எண் 1930க்குக் கூப்பிடுங்கள்.

இனி அந்தப் பெட்டி. இந்த மாதிரிக் கடிதம் மாதம் இரண்டாவது வருகிறது. எல்லாருக்கும் தளத்தின் பெயர் வேண்டும். நீங்கள் மட்டும்தான் போகிற போக்கில் பெட்டியைச் சொல்லியிருக்கிறீர்கள், அதுவும் வெள்ளையடித்த கணக்கோடு கணக்காக. முத்து காமிக்ஸ் 1972இல் இரும்புக்கை மாயாவியோடு தொடங்கியபோது உங்கள் மாமாவுக்கு ஏறக்குறைய உங்கள் பையன் வயது. 1984இல் லயன் காமிக்ஸ் வந்தபோது சம்பாதிக்கிற வயது. நடுவில் எத்தனை முறை கோபாலபுரம் தாண்டிப் பொள்ளாச்சிக்குப் போய், பஸ் ஸ்டாண்டு கடையில் தேடி வாங்கியிருப்பார்? கல்யாணம், பிள்ளைகள், வீடு மாற்றம் எல்லாவற்றையும் தாண்டி அந்தப் பெட்டியைக் காப்பாற்றியவர், ஒரு ஓணத்தில் அதைக் கிலோக் கணக்கில் தராசில் பார்த்திருக்கிறார்.

"மாமா ஒன்றும் சொல்லவில்லை" என்கிறீர்கள். நீங்கள் கேட்டீர்களா? கேட்டு அவர் பேசாமல் இருந்திருந்தால் அது வேறு. கேட்கவே இல்லை என்றுதான் எனக்குப் படுகிறது. மகன் வீட்டில் இருக்கிற பெரியவர் மருமகளிடம் என்ன சொல்லுவார், சொல்லுங்கள்? இடத்தை அடைக்கிறது, படிக்க ஆளில்லை, எடுத்துப் போடலாம் என்று நீங்களே முடிவு செய்தீர்கள். பையன் வாசலில் நின்று பார்த்திருப்பான். அடுத்தவர் பொருளை அவரைக் கேட்காமல் எடுக்கலாம் என்பதை அவன் டெலிகிராமில் கற்கவில்லை அம்மா. கோபப்பட்டால் படுங்கள்.

அவன் இறக்குகிற ஃபைலுக்குப் பின்னாலும் கேட்கப்படாத ஆட்கள் இருக்கிறார்கள். கௌபாய் நாயகன் டெக்ஸ் வில்லர் இத்தாலிக்காரர்களின் சொத்து. நம் பதிப்பாளர்கள் அங்கே உரிமைக்குப் பணம் கட்டி, மொழிபெயர்த்து, சிவகாசியில் அச்சடித்துச் சந்தாக்காரர்களை நம்பி விடுகிறார்கள். லட்சக்கணக்கில் விற்கிற சரக்கும் இல்லை. இந்த மாத இதழ் முழுதாக, சும்மா ஒரு குரூப்பில் வருகிறதென்றால் யார் தந்தது என்று அவனிடம் கேளுங்கள். பதிப்பாளரோ வரைந்தவரோ தந்திருந்தால் சரி. தெரிந்தே உரிமையை மீறினால் நம் பதிப்புரிமைச் சட்டத்தின் 63ஆம் பிரிவில் ஆறு மாதம் முதல் மூன்று ஆண்டு வரை சிறையும், 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் வரை அபராதமும் இருக்கிறது. வாங்கியதை நண்பர்களுக்குத் தள்ளிவிடுகிற பழக்கம் இருந்தால் முதலில் அதை நிறுத்தச் சொல்லுங்கள்.

பழசுதானே என்றும் விட முடியாது. டின்டினின் 1929ஆம் வருடப் பக்கங்கள் 2025 ஜனவரியிலிருந்து அமெரிக்காவில் பொதுச் சொத்து. நம் கணக்கு வேறு: ஆசிரியர் இறந்து 60 ஆண்டு. டின்டினை வரைந்த எர்ஜே இறந்தது 1983இல், ஆகவே இங்கே 2043 முடியும்வரை பொறுக்க வேண்டும்.

கேட்டதற்கும் சொல்லிவிடுகிறேன். பிரதம் புக்ஸின் ஸ்டோரிவீவரில் தமிழ்ப் படக்கதைகள் இலவசம், இறக்கவும் அனுமதி உண்டு. ஆனால் ஏழாம் வகுப்பு மூக்கைச் சுளிக்கும், சின்னப் பிள்ளைகளுக்கானவை அதிகம். ஆங்கிலம் வந்தால் வெப்டூன் இருக்கிறது, வரைபவர்களே போடுகிறார்கள். ஜப்பானியக் கதை பிடித்தால் ஷுயேஷா நிறுவனத்தின் மாங்கா பிளஸ்; தொடரின் முதல் சில அத்தியாயங்களும் புதியவையும் காசில்லாமல் படிக்கலாம். டிஜிட்டல் காமிக் மியூசியத்தில் உரிமை காலாவதியான பழைய அமெரிக்க காமிக்ஸ் இருக்கிறது.

இவ்வளவும் போனில். பக்கத்து வாயனசாலையை, அதுதான் ஊர் நூலகத்தை, ஏன் மறந்தீர்கள்? பி.என். பணிக்கர் 1945இல் 47 நூலகங்களைக் கூட்டித் தொடங்கிய சங்கம், இன்று கேரளம் முழுக்க விரிந்து கிடக்கிறது. செயலாளரிடம் போய், தமிழ்ப் பிள்ளைகள் இருக்கிற ஊரில் தமிழ் காமிக்ஸுக்கும் சந்தா கட்டுங்கள் என்று கேளுங்கள். எழுதியே கொடுங்கள். நீங்கள் தனியாகக் கட்ட முடியாததை ஊராகக் கட்டலாம்.

எதற்கும் முன்னால் மாமாவிடம் போங்கள். உங்கள் வீட்டுக்காரரையும் கூட்டிக்கொண்டு, கேட்காமல் போட்டது தப்பு என்று சொல்லுங்கள். பையன் பக்கத்தில் இருக்கட்டும். அப்புறம் எல்லாருமாக அந்த ஆக்ரிக்கடைக்கு. பழைய புத்தகத்தைத் தனியாக எடுத்து வைக்கிற ஆக்ரிக்காரர்கள் உண்டு, பழைய காமிக்ஸைத் தேடி வந்து நல்ல விலை கொடுக்கிறவர்கள் இருக்கிறார்கள் என்று அவர்களுக்குத் தெரியும். பெட்டி முழுதாக இருக்காது. நாலு புத்தகம் கிடைத்தாலும், எதை எடுப்பது என்று மாமா சொல்லட்டும். நீங்கள் கிலோவுக்கு விற்றதை ஆக்ரிக்காரர் இப்போது ஒற்றை ஒற்றையாக விலை சொல்லுவார். பேரம் பேசாமல் கொடுத்துவிட்டு வாருங்கள்.