பழைய மென்பொருள் கோப்புறையில் கிடக்கும் டிஎல்எல் கோப்புகளை எப்படிப் புரிந்துகொண்டு வகை பிரிப்பது?

கேட்டவருடைய நிலைமை இதுதான்: பல வருஷமாக ஓடிக்கொண்டிருக்கும் ஒரு விண்டோஸ் மென்பொருளைப் புது கணினிக்கு மாற்ற வேண்டும், அதன் கோப்புறையில் டிஎல்எல் (நிரல்கள் தேவைப்படும்போது அழைத்துப் பயன்படுத்தும் நூலகக் கோப்பு), ஓசிஎக்ஸ் என்று ஒரு குவியல் கிடக்கிறது, எது தேவை எது குப்பை என்று தெரியவில்லை.

முதலில் பெயரையும் பின்னொட்டையும் நம்புவதை விடுங்கள். ஓசிஎக்ஸ், சிபிஎல், ஏஎக்ஸ் எல்லாமே உள்ளே டிஎல்எல்தான், பின்னொட்டு மட்டும் வேறு. கோப்பை ஒரு ஹெக்ஸ் எடிட்டரில் (கோப்பின் பைட்டுகளை அப்படியே காட்டும் கருவி) திறந்தால் முதல் இரண்டு எழுத்து 'எம்இசட்' என்று இருக்கும் (டாஸ் காலத்தில் இந்த வடிவத்தை அமைத்த மார்க் ஸ்பிகோவ்ஸ்கியின் பெயரெழுத்துகள்). அதற்குக் கொஞ்சம் தள்ளி வருகிற இரண்டாவது தலைப்பகுதிதான் முக்கியம். அங்கே 'என்இ' என்று இருந்தால் அது விண்டோஸ் 3 காலத்து 16 பிட் கோப்பு, 64 பிட் விண்டோஸில் ஓடவே ஓடாது, அதோடு மல்லுக்கட்ட வேண்டாம். 'பிஇ' என்று இருந்தால் அதற்குப் பின் இரண்டு சுழிய பைட் தாண்டி வரும் இரண்டு பைட், எந்தப் பிராசஸருக்கானது என்று சொல்லும்: ஹெக்ஸ் எண்ணில் 14சி என்றால் 32 பிட், 8664 என்றால் 64 பிட் (எடிட்டரில் பைட் வரிசை திரும்பி 4சி 01, 64 86 என்று தெரியும்). மைக்ரோசாஃப்டின் டாட்நெட் தளத்துக்காக எழுதிய கோப்புகளில் மட்டும் இதை அப்படியே எடுத்துக்கொள்ளாதீர்கள், எந்த பிராசஸரிலும் ஓடும்படி தொகுக்கப்பட்டவை 14சி என்று காட்டிக்கொண்டே 64 பிட்டாகவும் ஓடும். இன்னொன்று, 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 கோப்புறையில் இருப்பவைதான் 64 பிட், 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64-ல் இருக்கும். பெயரைப் பார்த்து மாற்றிப் போடுகிறவர்கள் ஏராளம்.

பிட் கணக்கு முடிந்ததா, சரி. அடுத்த கேள்வி, இந்தக் கோப்பைக் கொடுக்க வேண்டியவர் யார்? என்னைப் பொறுத்தவரை வகை பிரிப்பதில் பாதி வேலை இதுதான். எம்எஸ்விசிஆர்டி, எம்எஃப்சி42, விபி6-க்கான (விஷுவல் பேசிக் 6) எம்எஸ்விபிவிஎம்60 மூன்றும் விண்டோஸுடனேயே வருகின்றன, மென்பொருளின் கோப்புறையில் பழைய பிரதி கிடந்தால் பெரும்பாலும் அது தேவையில்லை. ஆனால் அதே விபி6 மென்பொருள் பயன்படுத்தும் எம்எஸ்காம்சிடிஎல் ஓசிஎக்ஸ் விண்டோஸுடன் வராது, அதை நீங்கள்தான் எடுத்துப்போய் ரெஜிஸ்ட்ரியில் (விண்டோஸின் அமைப்புகள் சேமிக்கப்படும் தரவுத்தளம்) பதிவு செய்ய வேண்டும். விஷுவல் சி ரன்டைம்களிலோ (அதில் எழுதிய மென்பொருள் ஓடத் தேவையான துணைக் கோப்புகள்) ஒவ்வொரு தலைமுறைக்கும் ஒரு வழக்கம். 2003 பதிப்பின் எம்எஸ்விசிஆர்71 மென்பொருளின் சொந்தக் கோப்புறையிலேயே இருக்க வேண்டியது. 2005, 2008 பதிப்புகளுடையவை மேனிஃபெஸ்ட் (எந்தப் பதிப்பு வேண்டும் என்று சொல்லும் குறிப்பு) வழியாக வின்எஸ்எக்ஸ்எஸ் கோப்புறையிலிருந்து எடுக்கப்படும். 2010-க்கு மறுபடி சிஸ்டம் கோப்புறை, 2015-லிருந்து பொதுவான பகுதியை யுசிஆர்டி என்று தனியாகப் பிரித்துவிட்டார்கள். 2005-லிருந்து வந்தவற்றை ஒவ்வொன்றாக நகலெடுப்பதைவிட அந்தந்த ஆண்டின் மறுவிநியோகத் தொகுப்பை நிறுவுவதுதான் சரியான வழி. காணாமல்போன டிஎல்எல்லை மட்டும் இறக்கித் தருகிறோம் என்கிற தளங்களின் பக்கம் தயவுசெய்து போகாதீர்கள், அந்தக் கோப்பு யார் கைபட்டு வந்தது என்று சொல்லவே முடியாது.

மிச்சம் இருப்பவை வேறு நிறுவனங்களின் நூலகங்களும் அந்த மென்பொருளுக்கென்றே எழுதியவையும். கோப்பின் ப்ராப்பர்டீஸில் உள்ள நிறுவனப் பெயரையும் மூலக் கோப்புப் பெயரையும் பாருங்கள், யாரோ பெயர் மாற்றி வைத்திருந்தால் அங்கேதான் தெரியும். தேதியை மட்டும் பெரிதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். பழைய டெல்ஃபி நிரலாக்கக் கருவியில் தொகுத்த எத்தனையோ கோப்புகளின் தலைப்பகுதி 1992 ஜூன் 19 என்றே சொல்லும், அது அதன் லிங்கர் (நிரல் துண்டுகளை இணைத்துக் கோப்பாக்கும் பகுதி) நிலையாக எழுதிவைத்த எண்.

அப்புறம் இம்போர்ட் பட்டியல், அதாவது ஒரு கோப்பு வெளியிலிருந்து கேட்பவற்றின் பட்டியல். விஷுவல் ஸ்டுடியோவுடன் வரும் டம்ப்பின் கருவி, மென்பொருளின் பிரதான நிரல் எந்தெந்த டிஎல்எல்லைக் கேட்கிறது என்று காட்டும். பட்டியலில் இல்லாததெல்லாம் குப்பை என்று முடிவு கட்டிவிடாதீர்கள், உண்மையான ஆபத்து இங்கேதான் இருக்கிறது. காம் (மைக்ரோசாஃப்டின் கூறு இணைப்பு முறை) வகைக் கோப்புகள் ரெஜிஸ்ட்ரி வழியாக அழைக்கப்படுபவை, அதனால் இந்தப் பட்டியலில் தலைகாட்டாது. எக்ஸ்போர்ட் பக்கத்தில் (கோப்பு வெளியே தரும் செயல்கூறுகளின் பட்டியல்) டிஎல்எல்ரெஜிஸ்டர்சர்வர் என்று ஒரு செயல்கூறு இருந்தால் அது அந்த வகை. லோட்லைப்ரரி என்ற விண்டோஸ் செயல்கூறு மூலம் ஓடும்போது ஏற்றப்படுபவையும் தெரியாது. எக்ஸ்போர்ட்டே இல்லாத கோப்பு வெறும் ஐகானும் மொழிச் சொற்களும் தாங்கிய ரிசோர்ஸ் கோப்பாக இருக்கலாம், நீக்கினால் மென்பொருள் திறக்கும், ஆனால் மெனு காலியாக நிற்கும்.

அதனால் ப்ராசஸ் மானிட்டரை (ஓடும் நிரல் தொடும் கோப்புகளைப் பதிவு செய்யும் மைக்ரோசாஃப்ட் கருவி) ஓடவிட்டு, மென்பொருளின் எல்லா வேலையையும் ஒருமுறை செய்து பாருங்கள்: அச்சிடுவது, ஏற்றுமதி, ஆண்டு முடிவில் மட்டும் எடுக்கும் அறிக்கை வரைக்கும். எந்தக் கோப்பு எந்த இடத்திலிருந்து ஏற்றப்பட்டது என்று முழுப் பாதையோடு வரும். அதை வைத்து ஒரு அட்டவணை போடுங்கள், கோப்பு, பிட், யார் கொடுத்தது, யார் அழைக்கிறார்கள், பதிவு வேண்டுமா என்று. யாரும் தொடாத கோப்புகளை உடனே அழிக்காமல் வேறொரு கோப்புறைக்கு நகர்த்தி, ஒரு கணக்காண்டு முழுக்க ஓடிய பிறகு அழித்துக்கொள்ளலாம்.