ஜிடிஐ32.டிஎல்எல் ஃபைல நெட்ல இருந்து இறக்கிப் போட்டா பில்லிங் சாஃப்ட்வேர் தொங்குறது நிக்குமா?

நிக்காது. தயவுசெஞ்சு போடாதீங்க. டிஎல்எல்னா பல ப்ரோகிராம் பகிர்ந்து பயன்படுத்துற கோட் ஃபைல், ஜிடிஐ32 திரையில எழுத்து, படம் வரைய விண்டோஸே வெச்சிருக்கிற டிஎல்எல்.

நீங்க சொன்னது இதுதான்: காலைல நல்லா ஓடுது, மதியம் தாண்டினா பட்டன்ல எழுத்து காணாமப் போகுது, கட்டம் வெள்ளையா நின்னு நடுவுல சிவப்பு பெருக்கல் குறி வருது, அப்புறம் அவுட் ஆஃப் மெமரின்னு எரர், மூடித் திறந்தா சரியாயிடுது. இத ஒருத்தர்கிட்ட காட்டினதுக்கு ஜிடிஐ32.டிஎல்எல் கரப்ட் ஆயிடுச்சு, ஏதாவது டிஎல்எல் டவுன்லோட் சைட்ல எடுத்து சிஸ்டம்32 ஃபோல்டர்ல போடுங்கன்னு சொல்லிட்டாரு. உங்க கடை சிஸ்டத்துல பேங்க் லாகின், ஜிஎஸ்டி லாகின் எல்லாம் இருக்கும், அதுல எவனோ ஏத்தி வெச்ச ஃபைல கொண்டுபோய் விண்டோஸோட அடிவயித்துல வைக்கச் சொல்றாங்க. எனக்கு கோவம் வர்றது அதனாலதான். அந்த ஃபைல் நிஜமாவே கெட்டிருந்தா உங்க டெஸ்க்டாப்பே ஒழுங்கா வந்திருக்காது. விண்டோஸ் விஸ்டால இருந்து இந்த மாதிரி சிஸ்டம் ஃபைல விண்டோஸே காவல் காக்குது. சந்தேகமா இருந்தா அட்மினா கமாண்ட் ப்ராம்ப்ட் திறந்து எஸ்எஃப்சி ஸ்கேன்நவ் (sfc /scannow) ஓட்டுங்க, கெட்டத அதுவே தன்கிட்ட இருக்கிற நல்ல காப்பியில இருந்து மாத்திடும், சைட்டெல்லாம் தேவையே இல்ல.

உங்க பிரச்சனை அனேகமா ஹேண்டில் லீக். விண்டோஸ்ல ஒரு ஃபான்ட், ஒரு பிரஷ் (நிறம் நிரப்ப), ஒரு பிட்மேப் (படம்) எது வேணும்னாலும் ப்ரோகிராம் ஜிடிஐ32 வழியா கேக்கும். நிஜமான பொருள் விண்டோஸோட உள்மையமான கர்னல்ல இருக்கும், ப்ரோகிராம் கைக்கு வர்றது ஒரு நம்பர் மட்டும், அதுதான் ஹேண்டில். வேலை முடிஞ்சதும் டெலீட் ஆப்ஜெக்ட்னு கூப்பிட்டு திருப்பிக் கொடுக்கணும். கொடுக்கலேன்னா கணக்குல நிக்கும், இதுதான் லீக். ஒரு ப்ராசஸுக்கு (ஓடிட்டிருக்கிற ஒரு ப்ரோகிராமுக்கு) 10,000 வரைக்கும்தான் அனுமதி, அதுக்கு மேல கேட்டா கிடைக்காது. இதுல முக்கியமான விஷயம், கணக்கு டிஎல்எல் பேர்ல ஏறாது, அத கூப்பிட்ட எக்ஸிஇ, அதாவது ஓடுற ப்ரோகிராம் பேர்லதான் ஏறும். கல்யாண வீட்டுக்காரர் பேர்ல வாடகைப் பாத்திரம் எடுத்துட்டு சமையல்காரர் திருப்பித் தராமப் போனா பாத்திரக் கடைக்காரர் யார்கிட்ட வந்து நிப்பாரு, அதே கதைதான்.

நான் பாத்த கேஸ் ஒரு ஜவுளிக்கடை. பில்லிங், ஸ்டாக் ரெண்டும் எங்க சாஃப்ட்வேர், விபி டாட்நெட்ங்கிற மைக்ரோசாஃப்ட் மொழியில எழுதினது. பார்கோடு ஸ்டிக்கர் அடிக்க மட்டும் பிரிண்டர் டீலர் கொடுத்த ஒரு டிஎல்எல். தீபாவளி சரக்கு இறங்க ஆரம்பிச்சதும் சரக்கு என்ட்ரி போடுற சிஸ்டம் தினமும் சாயந்திரத்துக்குள்ள தொங்க ஆரம்பிச்சது. ஹார்டுவேர் ஆளு வந்து ரேம் பத்தலன்னு சொல்லி 4 ஜிபிய 16 ஆக்கிட்டுப் போனாரு, ஒரு மாத்தமும் இல்ல, ஏன்னா அந்த 10,000 கணக்குக்கும் ரேம் அளவுக்கும் சம்பந்தம் கிடையாது. கடைசியில அந்த சீட்ல இருந்த பொண்ணு மேல பழி. செல்ஃபோன் ஏத்துறா, பாட்டு போடுறா, கண்டதத் திறக்குறான்னு சூப்பர்வைசர் எல்லார் முன்னாடியும் திட்டினாரு. அந்தப் பொண்ணுதான் என்கிட்ட தனியா வந்து "அண்ணா, சரக்கு கம்மியா வர்ற அன்னைக்கு இது தொங்கவே மாட்டேங்குது, ஸ்டிக்கர் நிறைய அடிக்கிற அன்னைக்கு மட்டுந்தான்"னு சொன்னுச்சு. மொத்த விஷயமும் அந்த ஒரு வரில இருக்கு! அத்தனை பேர் வந்து பாத்துட்டுப் போனதுல அந்தப் பொண்ணு ஒருத்திதான் உருப்படியா கவனிச்சிருக்கு.

டாஸ்க் மேனேஜர்ல டீடெய்ல்ஸ் டேப்ல ஜிடிஐ ஆப்ஜெக்ட்ஸ்ங்கிற காலத்த (column) போட்டு வெச்சு ஸ்டிக்கர் அடிக்கச் சொன்னேன். ஒவ்வொரு ஸ்டிக்கருக்கும் 2 ஏறுது, இறங்கவே இல்ல. அப்ப கணக்கு போட்டுப் பாருங்க, 5,000 ஸ்டிக்கர கிட்ட நெருங்கும்போது கதை முடிஞ்சுது. நிர்சாஃப்டோட ஜிடிஐவியூன்னு ஒரு இலவச டூல் இருக்கு, அதுல பாத்தா பிட்மேப் ஒண்ணு, ஃபான்ட் ஒண்ணு. எங்க கோட் ஒரு வரி கூட இல்லாம, அந்த டிஎல்எல்ல மட்டும் லூப்ல கூப்பிடுற ஒரு சின்ன ப்ரோகிராம் எழுதி ஓட்டினேன், அதே ஏத்தம். டாட்நெட்ல பிட்மேப்புக்கு கெட் எச்பிட்மேப் கூப்பிட்டா வர்ற ஹேண்டில நாமதான் அழிக்கணும்னு மைக்ரோசாஃப்ட் டாக்குமெண்ட்லயே எழுதியிருக்கு, டாட்நெட்ல மெமரிய தானா சுத்தம் பண்ற கார்பேஜ் கலெக்டர் அத பாத்துக்காது, அந்த டிஎல்எல் எழுதினவங்க அத செய்யவே இல்ல. வீடியோ எடுத்து டீலருக்கு அனுப்பினேன். வேற யாரும் கம்ப்ளெயின்ட் பண்ணலியேன்னு பதில் வந்துது. அவங்க சரிபண்ற வரைக்கும் கடை காத்திருக்க முடியாதுங்கிறதால ஸ்டிக்கர் அடிக்கிற வேலைய தனி எக்ஸிஇ ஆக்கினேன், ஒரு பேட்ச் அடிக்கும் மூடிக்கும். ப்ராசஸ் முடிஞ்சா அது பேர்ல இருந்த எல்லா ஹேண்டிலையும் விண்டோஸ் தானா எடுத்துக்கும், நீங்க மூடித் திறந்தா சரியாகுறதும் இதனாலதான். அந்த சீசன் முழுக்க அப்புறம் தொங்கல. முதலாளி அந்தப் பொண்ண கூப்பிட்டுப் பேசினாரான்னா, இல்ல.

இப்பவே சிலர் ரெஜிஸ்ட்ரில (விண்டோஸ் செட்டிங்ஸ் இருக்கிற இடம்) ஜிடிஐ ப்ராசஸ் ஹேண்டில் கோட்டாவ, அதாவது அந்த 10,000 வரம்ப ஏத்தினா போதுமேன்னு கீழ எழுதுவாங்கன்னு தெரியும். ஏத்தலாம், 65,536 வரைக்கும். ஆனா நீங்க லாகின் பண்ணின மொத்த செஷனுக்கும் உச்சமே அவ்வளவுதான், ஒரு ப்ரோகிராமே அத முழுங்கினா மத்ததுக்கும் சேத்து போச்சு, லீக் அப்படியே இருக்கும், ரெண்டு நாள் கழிச்சு தொங்கும். லினக்ஸ் போடுங்கன்னு சொல்றவங்களுக்கும் சொல்லிடறேன், அங்கயும் ஒரு எஸ்ஓ ஃபைல் (அங்க டிஎல்எல் மாதிரி) தான் திறந்த ஃபைலோட நம்பர, அதாவது ஃபைல் டிஸ்க்ரிப்டர மூடாம விட்டா டூ மெனி ஓப்பன் ஃபைல்ஸ்னு நிக்கும், வழக்கமா 1,024தான் அங்க சாஃப்ட் லிமிட் (தேவைன்னா ஏத்திக்கிற வரம்பு). எந்த சிஸ்டமா இருந்தாலும் எடுத்தவன் திருப்பித் தரணும்.

இன்னொண்ணு, கேள்விக்கு சம்பந்தமில்ல, இருந்தாலும் சொல்றேன். இவ்வளவும் செஞ்ச பிறகு அந்த வருஷம் ஏஎம்சி (வருஷ பராமரிப்பு) பணம் கேட்டப்போ "சும்மா ஒரு ஃபைலத்தான மாத்துனீங்க தம்பி, அதுக்கு இவ்வளவான்னு" பாதியா குறைச்சாங்க. வேலை செய்யாத ரேமுக்கு பேரம் பேசாம கொடுத்தாங்க, ஏன்னா அது கையில தொட்டுப் பாக்குற பொருள். எங்க ஊர்ப்பக்கம் சாஃப்ட்வேர் சப்போர்ட் பண்ற எந்தப் பையன கேட்டாலும் இதத்தான் சொல்லுவான்.

உங்க கடை விஷயத்துக்கு வர்றேன். டாஸ்க் மேனேஜர்ல அந்த ஜிடிஐ ஆப்ஜெக்ட்ஸ் காலத்த போட்டு கடை திறந்ததும் ஒரு ஸ்கிரீன்ஷாட், மதியம் தொங்குறதுக்கு முன்னாடி ஒண்ணு எடுங்க. பக்கத்துலயே யூசர் ஆப்ஜெக்ட்ஸ்னு ஒரு காலம் இருக்கும், அதுக்கும் இதே 10,000தான், அதையும் சேத்து போடுங்க. எந்த வேலை செய்யும்போது நம்பர் ஏறி இறங்காம நிக்குதுன்னு பாருங்க, பிரிண்டா, ஸ்கேனரா, ரிப்போர்ட் ப்ரிவ்யூவா. சிஸ்டத்துல உக்காந்து வேலை பாக்குறவங்ககிட்ட முதல்ல கேளுங்க. அப்புறம் ஸ்கிரீன்ஷாட் ரெண்டையும் சாஃப்ட்வேர் கொடுத்தவங்களுக்கு அனுப்பி, எந்த டிஎல்எல் திருப்பித் தரலன்னு எழுத்துல பதில் கேளுங்க. நம்பர் ஏறவே இல்லேன்னா பிரச்சனை வேற, அப்ப அந்தப் படத்தோட இங்கயே கேளுங்க, பாத்துட்டு சொல்றேன்.