இரண்டாம் அப்பீலில் ஹைகோர்ட் எதைப் பார்க்கும், எதைப் பார்க்காது?

காவேரிப்பட்டணம் பக்கத்திலிருந்து ஒரு வாசகர் எழுதியிருக்கிறார். மாந்தோப்புக்குப் போகும் வண்டிப்பாதையைப் பக்கத்து நிலத்துக்காரர் அடைத்துவிட்டாராம். முன்சீப் கோர்ட்டில் ஜெயித்து, சப் கோர்ட்டில் தோற்று, இப்போது சென்னை ஹைகோர்ட்டில் இரண்டாம் மேல்முறையீடு இரண்டு சட்டக் கேள்விகளோடு அட்மிட் ஆகியிருக்கிறது. எதிர்த்தரப்பு சாட்சி பொய் சொன்னதையும், புதிதாக வாங்கிய எஃப்.எம்.பி. (சர்வே அலுவலகத்தின் நில அளவை) வரைபடத்தையும் நீதிபதியிடம் காட்டலாமா என்று கேட்கிறார்.

சாட்சி பொய் சொன்னார் என்ற வாதம் அங்கே எடுபடாது. யாரை நம்புவது என்பதை முடிவு செய்யும் கடைசி இடம், உங்கள் வழக்கில், சப் கோர்ட்தான். 1976-இல் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 100-ஆம் பிரிவைத் திருத்திய பிறகு, முக்கியமான சட்டக் கேள்வி ஒன்று இருந்தால் மட்டுமே ஹைகோர்ட் இரண்டாம் அப்பீலைக் கேட்க முடியும், அந்தக் கேள்வியை நீதிபதி எழுதி வைக்க வேண்டும், விசாரணையும் அந்தக் கேள்வியின் மேல்தான் நடக்க வேண்டும். இந்தக் கட்டுப்பாடு உங்களுக்கு மட்டுமல்ல, நீதிபதிக்கும் உண்டு. கேள்வியே எழுதாமல் சொன்ன தீர்ப்புகளைச் சுப்ரீம் கோர்ட் பல முறை ரத்து செய்திருக்கிறது, ஜெயித்தவர்கள் மறுபடி முதலிலிருந்து வாதாட வேண்டியதாகிவிட்டது. எழுதிய கேள்வி இந்த வழக்கில் எழவே இல்லை என்று வாதாட எதிர்த்தரப்புக்கும் உரிமை உண்டு.

அதனால் முதலில் அந்த இரண்டு கேள்விகளையும் வக்கீலிடம் வாங்கிப் படியுங்கள். 'கீழ்கோர்ட் சாட்சியத்தைச் சரியாகப் பார்த்ததா' என்பது போல இருந்தால் பலவீனம். 2001-இல் சந்தோஷ் ஹசாரி வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னபடி, கேள்வி விவாதத்துக்கு இடமுள்ளதாக இருக்க வேண்டும், முடிவையே மாற்றக்கூடியதாக இருக்க வேண்டும், அதற்கான அடித்தளம் உங்கள் பிராதிலேயே (வழக்கு போட்டபோது கொடுத்த மனுவிலேயே) இருக்க வேண்டும்.

உங்கள் வழக்குக்கே ஓர் உதாரணம். இந்திய வசதியுரிமைச் சட்டம் (ஈஸ்மென்ட் சட்டம்) 1882, பிரிவு 15-இன்படி தனியார் நிலத்தில் 20 வருடம் உரிமையோடு, வெளிப்படையாக, தடையில்லாமல் பாதையைப் பயன்படுத்தியிருக்க வேண்டும், அந்தக் காலம் வழக்கு போடுவதற்கு முந்தைய 2 வருடத்துக்குள் முடிந்திருக்க வேண்டும். அரசு நிலமென்றால்தான் 30 வருடம். சப் கோர்ட் தனியார் நிலத்துக்கும் 30 வருடம் கேட்டுத் தள்ளியிருந்தால், அது அசல் சட்டக் கேள்வி. வக்கீல் கமிஷனர் (இடத்தைப் பார்த்து வர கோர்ட் அனுப்பும் வக்கீல்) பாதை இருப்பதாக அறிக்கை கொடுத்தும் தீர்ப்பில் அதைப்பற்றி ஒரு வரிகூட இல்லையென்றால், முக்கிய ஆதாரத்தைக் கண்டுகொள்ளாமல் வந்த முடிவு என்று அதையும் சட்டக் கேள்வியாக்கலாம். இந்த இரண்டையும் தேடித்தான் சப் கோர்ட் தீர்ப்பை வரிவரியாகப் படிக்க வேண்டும்.

விட்டுப்போன கேள்வி கிடைத்தால் இப்போதும் வழி இருக்கிறது. காரணத்தைப் பதிவு செய்து, எதிர்த்தரப்புக்கும் பதில் சொல்ல வாய்ப்பு கொடுத்து, புதிய கேள்வியை ஹைகோர்ட் சேர்க்கலாம். இறுதி விசாரணை அன்று வாய்மொழியாகச் சொல்லிக்கொள்ளலாம் என்று விடாதீர்கள், முன்னாலேயே மனுவாகப் போடச் சொல்லுங்கள். சிவில் நடைமுறைச் சட்டத்தில் 103-ஆம் பிரிவும் உண்டு: கீழ்கோர்ட் ஒரு விஷயத்தை முடிவு செய்யாமலே விட்டிருந்தாலோ, சட்டக் கேள்வியில் தவறியதால் தப்பாக முடிவு செய்திருந்தாலோ, ஃபைலில் உள்ள சாட்சியமே போதுமென்றால் ஹைகோர்ட்டே அதைத் தீர்மானிக்கலாம்.

எஃப்.எம்.பி. விஷயம் கஷ்டம். கூடுதல் ஆவணத்துக்கு அதே சட்டத்தின் 41-ஆம் கட்டளை, 27-ஆம் விதியில் மனு போடலாம், ஆனால் முழு முயற்சி எடுத்தும் அப்போது கிடைக்கவில்லை என்று காட்ட வேண்டியிருக்கும். சர்வே அலுவலகத்தில் மனு கொடுத்தால் கிடைத்திருக்கும் காகிதத்துக்கு அதைச் சொல்வது சுலபமில்லை.

அப்புறம், நீங்கள் கேட்காத ஒன்று. அப்பீல் அட்மிட் ஆனதாலேயே பாதை திறந்துவிடாது. உங்கள் வழக்கு தள்ளுபடியாகியிருப்பதால் வெறும் ஸ்டே வாங்கியும் பயனில்லை, பாதையை மறிக்கக்கூடாது என்று இடைக்கால உறுத்துக்கட்டளை (இன்ஜங்ஷன்) கேட்டுத் தனி மனு போட வேண்டும். அதில் காய் ஏற்ற வண்டி போக வேண்டிய மாதங்களைக் குறிப்பிட்டு, சீசனுக்கு முன்பே விசாரிக்கச் சொல்லிக் கேளுங்கள்.