போர்களையும் அரசியல் தீவிரவாதத்தையும் பற்றி அறிய எந்தப் பார்வை நூலை நம்பலாம்?

அரசியல் தீவிரவாதம், இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய போர்கள் ஆகிய இரண்டையும் சேர்த்துச் சொல்லும் நம்பகமான ஒரே பார்வை நூல் எது என்று கேட்டிருக்கிறீர்கள். ஆய்வேட்டுக்கோ போட்டித் தேர்வுக்கோ அவசரமாகத் தேவைப்படுகிறது என்று ஊகிக்கிறேன். நூலகத்தின் பார்வை நூல் பிரிவில் பல ஆண்டுகள் பணியாற்றியவன் என்ற முறையில் சொல்கிறேன்: அப்படி ஒரு நூல் இல்லை. கிடைப்பவற்றில் எதை எடுத்தாலும், முதலில் அதன் முன்னுரையில் உள்ள சேர்ப்பு விதிகளை, அதாவது எதைக் கணக்கில் சேர்த்தார்கள், எதை விட்டார்கள் என்பதைப் படியுங்கள்.

இதை நான் வலியுறுத்துவதற்குக் காரணம் ஓர் ஆய்வு மாணவர். இரண்டு தடித்த தொகுப்புகளைத் தூக்கிக்கொண்டு என் மேசைக்கு வந்தவர், ஒரே ஆண்டில் உலகில் நடந்த போர்களின் எண்ணிக்கை ஒன்றில் மிகக் குறைவாகவும் மற்றொன்றில் பல மடங்காகவும் இருப்பதைக் காட்டி, எந்த நூல் பொய் சொல்கிறது என்று கோபமாகக் கேட்டார். இரண்டின் முன்னுரைகளையும் அருகருகே விரித்து வைத்தேன். ஒன்று, 1963இல் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் டேவிட் சிங்கர் தொடங்கிய ஆய்வுத் திட்டத்தின் வழியில், குறைந்தது 1,000 பேர் போர்க்களத்தில் உயிரிழந்தால்தான் அதைப் போர் என்று கணக்கில் கொண்டிருந்தது. மற்றொன்று சுவீடனின் உப்சாலா பல்கலைக்கழகத் தரவுகளைப் பின்பற்றி, ஓர் ஆண்டில் 25 பேர் இறந்தாலே ஆயுத மோதல் என்று பதிவு செய்திருந்தது. இரண்டு நூல்களும் தத்தம் விதிப்படி சரியாகவே எண்ணியிருந்தன.

அவர் அத்துடன் விடவில்லை. 1994இல் ருவாண்டாவில் சுமார் 100 நாட்களில் எட்டு லட்சம் பேர் கொல்லப்பட்டதாகச் சொல்கிறார்களே, அந்த ஆண்டுக்கான போர்க்கள இறப்புப் பட்டியலில் அந்த எண் ஏன் இல்லை என்று கேட்டார். மிக நல்ல கேள்வி. ஆயுதமற்ற மக்களைத் திட்டமிட்டுக் கொல்வதை உப்சாலா தரவுகள் ஒருதலை வன்முறை என்ற தனி வகையில் வைக்கின்றன. அந்த வகைக்கான பதிவுகளோ 1989இலிருந்துதான் தொடங்குகின்றன. அரசு ஒரு தரப்பாக இருக்கும் மோதல்களுக்கு 1946 முதல் தரவு உண்டு. ஆகவே 1970களில் நடந்த ஒரு படுகொலையைப் போர்க்கள அட்டவணையில் தேடிக் காணாமல், அது நடக்கவே இல்லை என்று முடிவுகட்டுபவர் பெரும் பிழை செய்வார். இதையெல்லாம் அட்டையிலேயே அச்சிட்டால் என்ன என்று முணுமுணுத்தபடி அந்த மாணவர் குறிப்பெடுக்கத் தொடங்கினார். பதிப்பகத்தார் கேட்க வேண்டிய கேள்வி அது.

பயங்கரவாதம் பற்றிய கையேடுகளில் சிக்கல் இன்னும் ஆழமானது. பயங்கரவாத ஆய்வாளர் அலெக்ஸ் ஷ்மிட் 1980களில் தம் சகாவுடன் சேர்ந்து அச்சொல்லுக்கான 109 வரையறைகளைத் திரட்டி ஆராய்ந்தார்; அனைவரும் ஏற்கும் வரையறையில் ஐக்கிய நாடுகள் சபை இன்றுவரை உடன்பாடு காணவில்லை. மேரிலாந்து பல்கலைக்கழகத்தின் உலகப் பயங்கரவாதத் தரவுத்தளம் 1970 முதலான இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட நிகழ்வுகளைக் கொண்டது. அதன் முதன்மைத் தொகுப்பில் 1993ஆம் ஆண்டு இல்லை. தொடக்கத்தில் தகவல் திரட்டிய தனியார் நிறுவனம் அலுவலகம் மாறியபோது அந்த ஆண்டின் பதிவுகள் தொலைந்துபோயின. மும்பைத் தொடர் குண்டுவெடிப்புகளும் நியூயார்க் உலக வர்த்தக மையத்தின் முதல் குண்டுவெடிப்பும் நிகழ்ந்த ஆண்டு அது. இதை அறியாமல் வரைபடம் வரைந்து, 1993இல் உலகமே அமைதியாக இருந்ததாகக் காட்டுபவர்களும் இருக்கக்கூடும்.

எல்லாம் இணையத்தில் கிடைக்கும்போது நூலகர் நூல்களுக்கு வக்காலத்து வாங்குகிறார் என்று பின்னூட்டம் எழுத விரும்புபவர்கள், நான் மேலே சொன்ன தரவுத்தளங்களும் இணையத்தில் இருப்பவைதாம் என்பதைக் கவனிக்கவும். எந்த அரசையோ இயக்கத்தையோ நியாயப்படுத்துவதும் என் நோக்கமன்று.

இதைச் சொல்லும்போது ஒரு மனக்குறையையும் சொல்லிவிடுகிறேன். புதிய பதிப்பு வந்தவுடன் பழையதைக் கழித்துவிடும் வழக்கம் நூலகங்களில் உண்டு. நான் பணியாற்றிய இடத்திலும், என் எழுத்துபூர்வமான ஆட்சேபத்தை மீறி, ஓர் அலமாரி முழுவதும் இருந்த பழைய கையேடுகளை எடைக்குப் போட்டார்கள். மருத்துவ நூலுக்கு அந்த விதி பொருந்தலாம். இந்தத் துறைக்குப் பொருந்தாது. அமெரிக்கப் பாதுகாப்புத் துறை 1980களின் இறுதியில் வெளியிட்ட பயங்கரவாதக் குழுக்கள் பற்றிய கையேட்டில், தென்னாப்பிரிக்காவில் நிறவெறிக்கு எதிராகப் போராடிய ஆப்பிரிக்கத் தேசிய காங்கிரசும் இடம்பெற்றிருந்தது. அதன் தலைவர் நெல்சன் மண்டேலா 1993இல் நோபல் அமைதிப் பரிசு பெற்று, 1994இல் குடியரசுத் தலைவரானார். அமெரிக்கக் கண்காணிப்புப் பட்டியலின் கட்டுப்பாடுகளிலிருந்து அவரை விடுவிக்கும் சட்டமோ 2008இல்தான் வந்தது. யார், எப்போது, யாரைத் தீவிரவாதி என்று பதிவு செய்தார்கள் என்பதற்குப் பழைய பதிப்பே முதன்மைச் சான்று. அதை எடைக்குப் போட்டவர்களிடம் இதை விளக்க முயன்றேன். இடப் பற்றாக்குறை என்று ஒரே வரியில் பதில் வந்தது.

உங்கள் உடனடித் தேவைக்கு, ஸ்டாக்ஹோம் பன்னாட்டு அமைதி ஆய்வு நிறுவனத்தின் ஆண்டு நூலிலிருந்து தொடங்குங்கள். ஆயுத விற்பனை, இராணுவச் செலவு, நடப்பு மோதல்கள் ஆகியவற்றை அது ஒன்றாகத் தருகிறது. அதன் சுருக்கம் இலவசமாகவே கிடைக்கிறது. படைபலம் பற்றிய எண்கள் வேண்டுமானால் இலண்டனில் உள்ள பன்னாட்டு உத்திசார் ஆய்வு நிறுவனம் 1959 முதல் வெளியிட்டுவரும் ஆண்டுக் கையேட்டைப் பாருங்கள். குழுக்களைப் பற்றி எழுதும்போது மட்டும், அரசு வெளியிட்ட ஒரு கையேட்டுடன் அரசு சாராத ஒன்றையும் கட்டாயம் சேர்த்து, இரண்டின் பதிப்பு ஆண்டையும் அடிக்குறிப்பில் குறிப்பிடுங்கள்.