தினக்கூலி நடத்துநரின் ஓய்வூதியமும் 480 நாள் கணக்கும்

கேள்வி: அரசுப் போக்குவரத்துக் கழகம் ஒன்றில் 2001 ஜனவரியில் தினக்கூலி நடத்துநராகச் சேர்ந்தேன். நிரந்தர ஆணை 2003 ஆகஸ்டில்தான் வந்தது. 2023 மே மாதம் ஓய்வு பெற்ற எனக்கு, 1.4.2003-க்குப் பின் பணியில் சேர்ந்தவர் என்று சொல்லிப் பழைய ஓய்வூதியத்தை மறுத்துவிட்டார்கள். இரண்டரை ஆண்டு உழைப்பு கணக்கில் வராதா ஐயா?

பதில்: வருவதற்கு வழி உண்டு, ஆனால் எந்த வழியில் கேட்கிறீர்கள் என்பதைப் பொறுத்தே பலன் அமையும். தற்காலிகப் பணியில் பாதியை ஓய்வூதியத்துக்குச் சேர்க்க வேண்டும் என்று அரசு ஊழியர்களுக்கான விதியைக் காட்டிப் பலர் வழக்குத் தொடுக்கிறார்கள். 1.4.2003-க்குப் பின் பணிவரன்முறை செய்யப்பட்ட (நிரந்தரமாக்கப்பட்ட) அரசு ஊழியர்களுக்கு அந்த வாதம் பொருந்தாது என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2019-இல் தீர்ப்பளித்துவிட்டதால், அதை நம்பி நீங்கள் நீதிமன்றப் படி ஏறுவதை நான் விரும்பவில்லை.

உங்களுக்கு உரிய ஆயுதம் 1981-ஆம் ஆண்டின் தமிழ்நாடு தொழில் நிறுவனங்கள் (தொழிலாளர்களுக்கு நிரந்தரத் தகுதி வழங்கல்) சட்டம். அதன் 3-வது பிரிவின்படி, 24 காலண்டர் மாதங்களுக்குள் 480 நாட்கள் தொடர்ந்து பணிபுரிந்த தொழிலாளி நிரந்தரமாக்கப்பட வேண்டும். நீங்கள் அனுப்பியுள்ள, மடித்து மடித்து நைந்துபோன சம்பளச் சீட்டில் "22 நாள்" என்று மையால் எழுதியிருப்பது இன்னும் தெளிவாகத் தெரிகிறது. மாதந்தோறும் அதே அளவு பணி கிடைத்திருந்தால் 22 மாதங்களில் 484 நாட்கள் ஆகின்றன. அதாவது 2002 அக்டோபர் முடிவதற்குள், 1.4.2003 என்ற தேதிக்கு ஐந்து மாதம் முன்பே, சட்டப்படி நிரந்தரத் தகுதியை அடைந்துவிட்டீர்கள். ஆணையை நிர்வாகம் தாமதமாகப் பிறப்பித்ததற்கு நீங்கள் ஏன் ஓய்வூதியத்தை இழக்க வேண்டும் என்பதே நம் வாதம். நீதிமன்றம் இதை ஏற்றே தீரும் என்று உறுதி கூற இயலாது என்றாலும், வலுவான வாதம் இதுதான்.

ஆனால் ஒரு மாதச் சீட்டு போதாது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ், 2001, 2002 ஆண்டுகளுக்கான உங்கள் வருகைப் பதிவேடு, ஊதியப் பதிவேடு ஆகியவற்றின் நகல்களைப் பணிமனை வாரியாகக் கேளுங்கள். வருங்கால வைப்பு நிதியில் பிடித்தம் தொடங்கிய தேதியையும் எழுத்தில் பெறுங்கள். பழைய வே-பில் (நடத்துநர் பயணச்சீட்டு விற்பனையைக் குறிக்கும் கணக்குத் தாள்) நகல் ஏதேனும் வீட்டில் இருந்தால் அதையும் எறிந்துவிடாதீர்கள். பிறகு 1981-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அதிகாரம் பெற்ற ஆய்வாளரிடம் மனு கொடுத்து, நிரந்தரத் தகுதி பெற்ற தேதியை நிர்ணயிக்கக் கோருங்கள். அந்த உத்தரவைக் கொண்டு நிர்வாகத்திடம் ஓய்வூதியம் கேட்டு, மறுத்தால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம். 1.4.2003-க்குப் பின் சேர்ந்தவர்களுக்கான பங்களிப்பு ஓய்வூதியத் தொகையை இதுவரை பெறவில்லையெனில், உரிமையை விட்டுக்கொடுக்காமல் ஆட்சேபத்துடன் பெறுவதாக எழுதியே கையொப்பமிடுங்கள்.

காலத்தையும் கவனியுங்கள். ஓய்வூதிய மறுப்பு தொடரும் தீங்கு என்பதால் தாமதம் ஒன்றையே காரணம் காட்டி வழக்கைத் தள்ளிவிட மாட்டார்கள்; ஆனால் 2008-இல் தர்சேம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியபடி, நிலுவைத் தொகை பொதுவாக மனு தாக்கலுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளுக்கே கிடைக்கும். ஓய்வு பெற்று மூன்று ஆண்டுகள் கடந்த பின் தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் ஒரு மாத நிலுவையை இழக்கச் செய்யும் என்பதால், தகவல் கோரும் மனுவை இந்த வாரமே அனுப்பிவிடுங்கள்.