பதவி உயர்வில் என்னைத் தாண்டிவிட்டார்கள், எங்கே முறையிடுவது?

கொழும்பில் தேசிய பாடசாலை ஒன்றில் படிப்பிக்கிறீர்கள், உங்களுக்குப் பிறகு சேவைக்கு வந்தவருக்குத் தர உயர்வு முதலில் கிடைத்துவிட்டது என்கிறீர்கள். சரி, முதலில் நாட்காட்டியைப் பாருங்கள். அரசியலமைப்பின் 12(1) உறுப்புரை சமத்துவத்தை உறுதி செய்கிறது. அது மீறப்பட்டால் 126ஆம் உறுப்புரையின்படி புதுக்கடையிலுள்ள, நாட்டின் அதியுயர் நீதிமன்றமான உயர் நீதிமன்றத்துக்கு ஒரு மாதத்துக்குள் மனுச் செய்ய வேண்டும். நியாயம் இருந்தும் இந்த ஒரு மாதத்தைத் தவறவிடுவதுதான் எனக்கு மிகவும் வேதனை தருகிறது. அதே மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் அந்த ஒரு மாதக் கணக்கில் சேராது. விசாரணை நடப்பதற்கு எழுத்தில் ஆதாரம் வைத்திருங்கள்.

அப்புறம், அரசாங்க சேவை ஆணைக்குழுவின் முடிவென்றால், அதற்கு எதிராக மேன்முறையீடு செய்ய நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபையும் உண்டு. நியமனக் கடிதம், தர உயர்வுக் கடிதங்கள், வினைத்திறன் தடைப் பரீட்சைப் பெறுபேறு எல்லாவற்றுடனும் சட்டத்தரணியை இந்த வாரமே பாருங்கள்.